சாலி வெயின்ரைட்: சோப் சீரியல் அவரை வளர்த்ததா, முடக்கியதா?

திரைக்கதைப் பித்தன் எழுதியது:

பிபிசியின் போலீஸ் தொடர் ஹேப்பி வேலி மூன்று சீசனையும் போன வாரம்தான் முடித்தேன். முடித்த கையோடு இதை எழுதியவர் யார் என்று தேடிப் போனால் ஒரே ஆச்சரியம். சாலி வெயின்ரைட், 1963இல் யார்க்‌ஷயரின் ஹடர்ஸ்ஃபீல்டில் பிறந்தவர். 24 வயதில் பிபிசி ரேடியோவின் தி ஆர்ச்சர்ஸ் தொடருக்கு எழுத ஆரம்பித்திருக்கிறார். 1994இலிருந்து 1999 வரை கொரனேஷன் ஸ்ட்ரீட் என்ற டிவி சோப் சீரியல், அதாவது முடிவில்லாமல் வாரா வாரம் ஓடுகிற தொடர். தன் சொந்தக் கதை என்று ஒரு தொடர் பேர் வாங்கியது 2000இல். ஹேப்பி வேலி வந்தது 2014இல், அப்போது அவருக்கு வயது ஐம்பது.

என் கேள்வி இதுதான். இவ்வளவு எழுதத் தெரிந்த ஒருவரை, யாரோ எப்போதோ உருவாக்கிய பாத்திரங்களுக்கு வசனம் எழுத வைத்தே இத்தனை வருடம் ஓட்டியிருக்கிறது பிரிட்டிஷ் டிவி. வீண்தானே இது? முப்பது வயதில் அவர் கையில் ஒரு ஆறு எபிசோடைக் கொடுத்திருந்தால் இன்னும் எவ்வளவு கிடைத்திருக்கும்? சோப் சீரியல் என்பது எழுத்தாளரைத் தின்னும் இயந்திரம் என்பது என் கட்சி. மறுப்பவர்கள் வரலாம்.


உமா லீட்ஸ் எழுதியது:

மறுக்கத்தான் வந்திருக்கிறேன் பித்தன் சார்.

அவரை யாரும் அங்கே பிடித்துக் கட்டிப் போடவில்லை. சின்ன வயதிலிருந்தே கொரனேஷன் ஸ்ட்ரீட்டுக்கு எழுத வேண்டும் என்று ஆசைப்பட்டவர் அவர். வளர்ந்தது ஹாலிஃபாக்ஸ் பக்கத்தில் சோவர்பி பிரிட்ஜ் என்ற சின்ன ஊர். நான் வேலை விஷயமாக அடிக்கடி போய் வருகிற பக்கம்தான். பழைய நூற்பாலைகள், ஆலைப் புகை ஏறிக் கறுத்துப்போன கல் வீடுகள், நடுவே கால்வாய், இரண்டு பக்கமும் செங்குத்தாக மேடு. அங்கிருந்து யார்க் பல்கலைக்கழகத்தில் ஆங்கில இலக்கியம் படித்தார், எடின்பரோ நாடக விழாவுக்கு ஒரு நாடகத்தைக் கொண்டு போனார், ஒரு ஏஜென்ட் கிடைத்தார். அதற்கு நடுவில் வயிற்றுப்பாட்டுக்கு லண்டனில் பஸ் ஓட்டியிருக்கிறார். ஆமாம், டிரைவர். பஸ் ஓட்டிக்கொண்டிருந்தவருக்கு ஆர்ச்சர்ஸ் வாய்ப்பு வந்ததை "முடக்கியது" என்று நீங்கள் சொல்கிறீர்கள், அவரைக் கேட்டால் சிரிப்பார்.

அந்த பஸ் அனுபவமும் வீணாகவில்லை. 2006இல் ஐடிவியில் வந்த ஜேன் ஹால் தொடரின் நாயகி லண்டனுக்கு வந்து பஸ் ஓட்டுகிற பெண்தான்.


பழைய ரேடியோ எழுதியது:

தி ஆர்ச்சர்ஸ் பற்றித் தெரியாதவர்களுக்காக: 1951 முதல் ஓடிக்கொண்டிருக்கிற வானொலித் தொடர், ஆம்பிரிட்ஜ் என்ற கற்பனைக் கிராமம், விவசாயிகள், மாடு, மழை, சர்ச் திருவிழா. கால் மணி நேரத்துக்கும் குறைவான எபிசோடு. ரேடியோவில் முகபாவம் கிடையாது, குளோசப் கிடையாது. ஒருத்தர் பொய் சொல்கிறார் என்பதைக்கூட அவர் பேச்சின் நெளிவை வைத்தே கேட்பவர் கண்டுபிடிக்க வேண்டும். வசனம் எழுத இதைவிட நல்ல பட்டறை எனக்குத் தெரிந்து இல்லை.

கொரனேஷன் ஸ்ட்ரீட் வேறு மாதிரி. 1960இல் மான்செஸ்டரில் கிரனாடா நிறுவனம் தொடங்கியது. உருவாக்கிய டோனி வாரனுக்கு அப்போது 24 வயது. சாலி உள்ளே போன காலத்தில் வாரத்துக்கு மூன்று எபிசோடு, 1996இல் அது நான்கானது. எழுத்தாளர்கள் எல்லாரும் ஒரு மேசையைச் சுற்றி உட்கார்ந்து அடுத்தடுத்த வாரங்களின் கதையைச் சண்டை போட்டு முடிவு செய்வார்கள். அதைக் கதைச் சுருக்கமாக எழுதிக் கொடுப்பதற்கென்று தனி ஆட்கள் இருப்பார்கள். அப்புறம் ஆளுக்கொரு எபிசோடு. இன்ன இன்ன பாத்திரம் வர வேண்டும், இன்ன செட், இத்தனை நிமிடம், இந்த ரகசியம் இன்னும் உடையக் கூடாது. இத்தனை கட்டுக்குள்ளேயும் ஒரு காட்சி உயிரோடு இருக்க வேண்டும் என்றால் அது பேச்சில் மட்டும்தான் முடியும். மதுக்கடை கவுன்டரில் இரண்டு பேர், அடுப்படியில் இரண்டு பேர், அவ்வளவுதான் கையில் இருக்கும் சரக்கு.

இந்த வழியாக வந்தவர்கள் பட்டியலைப் பாருங்கள். ஜாக் ரோசென்தால் கொரனேஷன் ஸ்ட்ரீட்டில் நூற்றுக்கு மேற்பட்ட எபிசோடு எழுதியவர். பால் அபட் அங்கிருந்து வந்தவர். ஜிம்மி மெக்கவர்ன் லிவர்பூல் சோப்பான புரூக்சைடில் வருடக்கணக்காக எழுதிவிட்டுத்தான் கிராக்கர் என்ற துப்பறியும் தொடரை எழுதினார். இயந்திரம் தின்றது என்றால் இவர்கள் எல்லாம் எப்படித் தப்பினார்கள்?


நள்ளிரவு ரசிகன் எழுதியது:

தப்பியவர்களை மட்டும் எண்ணினால் எந்த இயந்திரமும் நல்ல இயந்திரம்தான் பழைய ரேடியோ. தப்பாதவர்கள் பெயர் நமக்கு எப்படித் தெரியும்?


பழைய ரேடியோ எழுதியது:

அது நியாயமான அடி. ஒத்துக்கொள்கிறேன். ஆனால் நாம் பேசிக்கொண்டிருப்பது ஒருத்தரைப் பற்றி.


சுருட்டை எழுதியது:

அப்படியே நம்ம ஊர் மெகா சீரியலையும் இதோடு ஒப்பிடலாமே?


திரைக்கதைப் பித்தன் எழுதியது:

வேண்டாம் தம்பி, அதற்குத் தனி இழை திறவுங்கள், இது கெட்டுப்போகும்.

உமா மேடம், பழைய ரேடியோ சார், சரி, சோப்பில் கற்றுக்கொண்டார் என்றே வைத்துக்கொள்வோம். ஆனால் வெளியே வந்ததும் நேராக உச்சிக்குப் போகவில்லையே? முதலில் கே மெல்லர் அவருக்குக் கை கொடுத்தார். லீட்ஸ்காரர், பேண்ட் ஆஃப் கோல்ட் எழுதியவர், 2022இல் காலமானார். பெண்கள் கால்பந்து அணியை வைத்து அவர் உருவாக்கிய பிளேயிங் தி ஃபீல்டில் சாலியும் எழுதினார். சொந்தமாக எழுது என்று ஊக்கம் கொடுத்ததும் அவர்தான். அப்புறம் 2000இல் அட் ஹோம் வித் தி பிரெய்த்வெய்ட்ஸ். லீட்ஸில் ஒரு குடும்பத் தலைவிக்கு லாட்டரியில் 3 கோடியே 80 லட்சம் பவுண்டு விழுகிறது, அவள் வீட்டில் ஒருத்தரிடமும் சொல்வதில்லை. அமாண்டா ரெட்மன் நடித்தது. நான்கு சீசன் போனது.

அதற்குப் பிறகுதான் பிரச்சினை. 2006இல் தி அமேசிங் மிசஸ் பிரிட்சர்ட், பிபிசி ஒன். சூப்பர் மார்க்கெட் மேனேஜர் ஒருத்தி அரசியல்வாதிகள் மேல் எரிச்சல்பட்டுத் தேர்தலில் நின்று பிரதமர் ஆகிவிடுகிறாள். ஆறு எபிசோடோடு முடிந்தது. ஜேன் ஹாலும் ஒரே சீசன். இப்படியே போய்ப் பெரிய பெயர் வர இன்னும் பல வருடம். சோப் அவ்வளவு நல்ல பட்டறை என்றால் இந்தத் தடுமாற்றம் எதற்கு?


உமா லீட்ஸ் எழுதியது:

மிசஸ் பிரிட்சர்டை நான் பார்த்திருக்கிறேன். கருவே மிகையானது. ஜேன் ஹாரக்ஸ் நன்றாக நடித்தும் அந்தக் கதை நம்ப மறுக்கிறது. ஏனென்றால் சாலிக்குத் தெரிந்த உலகம் டவுனிங் தெரு இல்லை. பிரதமர் வீட்டுக்குள் போனதும் அவர் வசனத்திலிருந்த ஊர் மண் உதிர்ந்துவிடுகிறது. இது என் அபிப்பிராயம்தான், ஆனால் அவருடைய வெற்றி, தோல்வி இரண்டையும் வரிசையாக வைத்துப் பாருங்கள், தான் வளர்ந்த கால்டர் பள்ளத்தாக்கை விட்டு அவர் எவ்வளவு தூரம் போகிறாரோ அவ்வளவு தள்ளாடுகிறார்.

ஸ்காட் அண்ட் பெய்லி இதற்கு விலக்கு என்று யாராவது வருவீர்கள். மான்செஸ்டர் ஒன்றும் தூரமில்லை, மலை தாண்டினால் வந்துவிடும்.


நள்ளிரவு ரசிகன் எழுதியது:

ஸ்காட் அண்ட் பெய்லி (2011, ஐடிவி) பற்றி ஒரு விஷயம் முக்கியம். அதன் மூல யோசனை நடிகைகள் சுரான் ஜோன்ஸ், சாலி லிண்ட்சே இருவருடையது. பெண்களுக்கு மனைவி, அம்மா, கள்ளக்காதலி தவிர வேறு வேடமே வருவதில்லை என்ற ஆதங்கத்தில் பிறந்தது. இரண்டு பேருமே கொரனேஷன் ஸ்ட்ரீட்டிலிருந்து வந்தவர்கள், பார்த்துக்கொள்ளுங்கள். வெயின்ரைட் அதை எடுத்துக்கொண்டு, கிரேட்டர் மான்செஸ்டர் போலீஸில் துப்பறியும் அதிகாரியாக இருந்து ஓய்வு பெற்ற டயான் டெய்லரோடு சேர்ந்து உருவாக்கினார்.

அதனால்தான் அந்தத் தொடரில் துரத்தல் குறைவு, விசாரணை அறை அதிகம். ஒரு கொலையாளியும் இரண்டு பெண் அதிகாரிகளும் ஒரு டேப் ரெக்கார்டரும். பத்து நிமிடம் அப்படியே போகும். கேள்வி கேட்பவர் குரலை உயர்த்தவே மாட்டார். வேறு யாராவது எழுதியிருந்தால் மேசையைத் தட்டியிருப்பார்கள்.


பழைய ரேடியோ எழுதியது:

நடுவில் ஒன்றை விட்டுவிட்டீர்கள். அன்ஃபர்கிவன், 2009, மூன்றே பாகம், ஐடிவி. இரண்டு போலீஸ்காரர்களைச் சுட்டுக் கொன்றதற்காகப் பதினைந்து வருடம் உள்ளே இருந்துவிட்டு வெளியே வருகிற ரூத் ஸ்லேட்டர், தத்துக் கொடுக்கப்பட்ட தங்கையைத் தேடுகிறாள். சுரான் ஜோன்ஸ். என் கணக்கில் வெயின்ரைட்டின் கை திரும்பிய இடம் இதுதான். பிரெய்த்வெய்ட்ஸில் இருந்த கலகலப்பை முழுக்கக் கழற்றி வைத்துவிட்டார். 2021இல் நெட்ஃபிளிக்ஸ் இதையே சாண்ட்ரா புல்லக்கை வைத்து தி அன்ஃபர்கிவபிள் என்று படமாக எடுத்தது. மூன்று மணி நேரத் தொடரை இரண்டு மணி நேரப் படமாகச் சுருக்கியதில் எனக்கு மூலம்தான் கனமாகத் தெரிந்தது.


மாடிப்படி மாலதி எழுதியது:

இவ்வளவு நேரமாக எல்லாரும் கொலை, போலீஸ் என்றே பேசுகிறீர்களே, லாஸ்ட் டாங்கோ இன் ஹாலிஃபாக்ஸை ஒருத்தரும் தொடவில்லை. எனக்கு அவர் எழுதியதிலேயே பிடித்தது அதுதான்.

எழுபதைத் தாண்டிய இரண்டு பேர். பள்ளிக்கூட நாளில் ஒருத்தரை ஒருத்தர் விரும்பி, ஒரு கடிதம் போய்ச் சேராததால் பிரிந்தவர்கள், துணையை இழந்தபின் இணையத்தில் கண்டுபிடித்துச் சந்திக்கிறார்கள். டெரக் ஜேகபி, ஆன் ரீட். இது கற்பனை இல்லை. சாலியின் அம்மாவுக்கே நடந்தது. கணவர் இறந்தபிறகு பழைய நண்பர்களைத் தேடித் தருகிற இணையதளம் மூலம் சிறுவயதுத் தோழரைக் கண்டுபிடித்துத் திருமணம் செய்துகொண்டார். 2012இல் பிபிசியில் வந்தது, 2013இல் சிறந்த நாடகத் தொடருக்கான பாஃப்டா என்ற பிரிட்டிஷ் விருதை வாங்கியது. வயதானவர்களின் காதலைக் கேலியாகவும் எழுதாமல் கண்ணீராகவும் எழுதாமல், இரண்டு பேரும் ஒருத்தரை ஒருத்தர் கிண்டல் செய்துகொண்டே இருப்பதாக எழுதியிருப்பார். அந்த முதல் சந்திப்பில் கார் திருட்டுப்போய் இரண்டு பேரும் அதைத் துரத்திக்கொண்டு போவார்கள் பாருங்கள்!


நள்ளிரவு ரசிகன் எழுதியது:

மாலதி அக்கா, முதல் சீசன் பற்றி நீங்கள் சொன்னது எல்லாம் சரி. ஆனால் பித்தன் சார் பக்கம் நான் சாய்வதும் இதே தொடரால்தான். போகப் போக என்ன ஆகிறது? ஒரு மகள் தன் கணவனைக் கொன்ற ரகசியம். திடீரென்று முளைக்கிற மகன். கல்யாணமான மறுநாளே விபத்தில் சாகிற கேட். அதுவும் அந்தக் கேட், ஆன் ரீட் பாத்திரத்தின் மகளான கரோலினின் மனைவி. அத்தனை நிதானமாக வளர்த்த ஒரு தன்பால் காதல் கதையை ஒரு கார் வந்து முடித்துவிடுகிறது. அப்போது ரசிகர்கள் கொதித்தார்கள், நியாயமாகத்தான் கொதித்தார்கள். வெயின்ரைட்டே பின்னாளில் அதற்கு வருத்தம் தெரிவித்தார்.

இது சுத்தமான சோப் பழக்கம். கதை கொஞ்சம் சமநிலைக்கு வந்தால் யாரையாவது கொல்லு, அடுத்த வாரம் எல்லாரும் அழுவதற்கு வேலை கிடைக்கும். ஆன் ரீட்டே 1971இல் கொரனேஷன் ஸ்ட்ரீட்டில் ஹேர் டிரையரில் மின்சாரம் தாக்கிச் செத்தவர்தானே! பட்டறையில் கற்ற நல்லதும் கூட வரும், கெட்டதும் கூட வரும்.


உமா லீட்ஸ் எழுதியது:

ஹேர் டிரையர் நல்ல நினைவு :)

கேட் விஷயத்தில் உங்களோடு முழுக்க உடன்படுகிறேன். அதை மன்னிக்க நான் தயாராக இல்லை. ஆனால் அது சோப்பின் குற்றம் என்பதை ஏற்க முடியாது. சோப்பில் எழுதாத எத்தனையோ பேர் அதே தப்பைச் செய்திருக்கிறார்கள்.

சரி, ஹேப்பி வேலிக்கு வருவோம், இழை தொடங்கியதே அதை வைத்துத்தான். முதல் எபிசோடின் முதல் காட்சியைத் திரும்பப் பாருங்கள். விளையாட்டுத் திடலில் ஒரு பையன் பெட்ரோலை ஊற்றிக்கொண்டு லைட்டரோடு நிற்கிறான். சார்ஜென்ட் கேத்ரின் கேவுட் பக்கத்துக் கடையில் தீயணைப்புக் குப்பியை வாங்கிக் கையில் எடுக்கிறார், கருப்புக் கண்ணாடியை மாட்டுகிறார், செத்தால் சாகட்டும், என் புருவத்தையும் சேர்த்துக் கொண்டுபோகக் கூடாது என்கிறார். அப்புறம் அவனிடம் போய்த் தன்னை அறிமுகப்படுத்திக்கொள்கிறார். வயது 47, விவாகரத்து ஆனவள், தங்கையோடு இருக்கிறேன், அவள் ஹெராயின் பழக்கத்திலிருந்து மீண்டு வருகிறாள், வளர்ந்த பிள்ளைகள் இரண்டு, ஒன்று செத்துப்போனது, இன்னொன்று என்னோடு பேசுவதில்லை, ஒரு பேரன் இருக்கிறான். ஏன் பேசுவதில்லை என்று பையன் கேட்கிறான். அது சிக்கல், உன்னைப் பற்றிப் பேசுவோம் என்கிறார்.

மூன்று சீசனுக்கான மொத்தக் கதையும் அந்த நாலு வரியில் வந்துவிட்டது. அதுவும் வேறு வேலையாகப் பேசுகிற பேச்சில், ஒரு பையனின் கவனத்தைத் திருப்புவதற்காக. சோப்பில் புதிதாக டிவியைப் போடுகிற ஆளுக்கு யார் யார் என்ன உறவு என்று ஒவ்வொரு எபிசோடிலும் சொல்லியாக வேண்டும், சொல்வதுபோலவும் தெரியக் கூடாது. அந்தப் பயிற்சி இல்லாதவர் இந்தக் காட்சியை எழுதியிருக்க முடியாது.

இன்னொன்று. கேத்ரினாக நடித்த சாரா லங்காஷயர் 1996 வரை கொரனேஷன் ஸ்ட்ரீட்டில் ராக்கெல். வெயின்ரைட் அங்கே எழுதிய காலத்தில் அவர் அங்கே நடித்தவர். லாஸ்ட் டாங்கோவில் கரோலினும் அவர்தான்.


திரைக்கதைப் பித்தன் எழுதியது:

இதற்குப் பதில் சொல்வது கஷ்டம். ஆனால் எனக்கு ஹேப்பி வேலியில் பிடித்தது கேத்ரினைவிட முதல் சீசனின் கணக்கர் கெவின். மகளை நல்ல தனியார் பள்ளியில் சேர்க்கச் சம்பள உயர்வு கேட்கிறான். முதலாளி முடியாது என்கிறார். அந்த ஆத்திரத்தில் முதலாளியின் மகளைக் கடத்தலாம் என்று வேறொருவனிடம் யோசனை சொல்கிறான். வீட்டுக்குப் போய்க் கொஞ்சம் ஆறியபிறகு, முதலாளியே மனம் மாறி உதவுகிறேன் என்கிறார். அதற்குள் வண்டி கிளம்பிவிட்டது. பிஞ்சுப் புத்தி, கோழைத்தனம், தன் மேல் பரிதாபம், இதுதான் அவ்வளவு ரத்தத்துக்கும் காரணம். ஸ்டீவ் பெம்பர்டன் அதை நடித்த விதம், அறையலாம் போலிருக்கும்.


மாடிப்படி மாலதி எழுதியது:

நான் முதல் சீசன் நான்காவது எபிசோடில் நிறுத்திவிட்டேன். நிலவறையில் அந்த வில்லன் டாமி கேத்ரினை அடிக்கிற காட்சி. எதற்கு இவ்வளவு? ஒரு பெண் எழுதியது என்பதற்காக அது சரியாகிவிடுமா?


உமா லீட்ஸ் எழுதியது:

ஒளிபரப்பான சமயத்திலேயே இதே கேள்வி பத்திரிகைகளில் ஓடியது மாலதி. வெயின்ரைட் பின்வாங்கவில்லை. நான் அவர் பக்கம், காரணம் அடுத்த இரண்டு எபிசோடுகள். வேறு தொடர்களில் அடி வாங்கிய போலீஸ் அடுத்த காட்சியில் நெற்றியில் ஒரு பிளாஸ்திரியோடு துப்பாக்கி தூக்குவார். இங்கே கேத்ரின் முகம் வீங்கி, வேலைக்குப் போக முடியாமல், தங்கையிடம் எரிந்து விழுந்து, பேரனிடம் கத்தி, படுத்துக் கிடக்கிறார். அடியைவிட அதன் பின்னால் வருகிற நாட்கள்தான் கதை. அந்த ஒரு காட்சியை ஓட்டிவிட்டு மேலே பாருங்கள், கட்டாயம் இல்லை.

கூடுதல் தகவல், முதல் சீசனில் ஒரு எபிசோடை இயக்கியதும் அவரே. டைரக்‌ஷனுக்கு வந்தது அங்கேதான். 2016இல் நாவலாசிரியைகளான பிராண்டே சகோதரிகளைப் பற்றிய டு வாக் இன்விசிபிள் படத்தை முழுக்க எழுதி இயக்கினார், அவர்கள் வாழ்ந்த ஹாவர்த் பாதிரியார் வீட்டை அசல் அளவில் மேட்டு நிலத்தில் செட் போட்டார்கள்.


நள்ளிரவு ரசிகன் எழுதியது:

மூன்றாவது சீசன் பற்றி. (பார்க்காதவர்கள் இந்தப் பதிவைத் தாண்டிப் போய்விடுங்கள், முடிவைச் சொல்லப் போகிறேன்.)

இரண்டாவது சீசன் 2016, மூன்றாவது 2023. நடுவில் ஏழு வருடம். பேரன் ரயனாக நடித்த சிறுவன் ரைஸ் கானா வளரட்டும் என்று காத்திருந்தார்கள். ஏனென்றால் அந்தப் பையன் தன் தகப்பனைப் பற்றித் தானே முடிவெடுக்கிற வயதுக்கு வர வேண்டும். தொடர் நன்றாக ஓடும்போது வருடா வருடம் போடு என்றுதான் எந்த சேனலும் கேட்கும். இதற்குக் காத்திருந்த பிபிசிக்கு ஒரு சல்யூட்.

2023 பிப்ரவரி 5, கடைசி எபிசோடு, அன்றிரவு மட்டும் சுமார் 75 லட்சம் பேர் பார்த்தார்கள். எல்லாரும் பெரிய சண்டையை எதிர்பார்த்தார்கள். வந்தது என்ன? கேத்ரினின் அடுப்படி. மேசைக்கு அந்தப் பக்கம் ரயனின் தகப்பன் டாமி லீ ராய்ஸ், குத்துப்பட்ட ரத்தத்தோடு, ரயனின் போட்டோ ஆல்பங்களைப் புரட்டி முடித்துவிட்டு உட்கார்ந்திருக்கிறான். இரண்டு பேரும் பேசுகிறார்கள். பேசிக்கொண்டே இருக்கிறார்கள். பேச்சு முடிந்ததும் அவன் பெட்ரோலை ஊற்றிக்கொண்டு கொளுத்திக்கொள்கிறான். பிறகு கேத்ரின் தங்கையிடம் போனில், சின்னதாக ஒரு மல்லுக்கட்டு, உன் குரோஷே போர்வை ஒன்று கருகியிருக்கலாம் என்கிற தொனியில் சொல்கிறார்.

ஜேம்ஸ் நார்ட்டனும் லங்காஷயரும் அந்த மேசையில் செய்ததற்கு இணை சமீபத்தில் நான் பார்க்கவில்லை.


பழைய ரேடியோ எழுதியது:

அடுப்படி மேசை, இரண்டு பேர், பேச்சு. கொரனேஷன் ஸ்ட்ரீட்டின் ஒரு செட்டில் எடுத்திருக்கலாம். நள்ளிரவு ரசிகன், உங்களை அறியாமல் என் கட்சிக்கு வாதாடிவிட்டீர்கள்.


நள்ளிரவு ரசிகன் எழுதியது:

பொறுங்கள், நான் இன்னும் முடிக்கவில்லை. அதே சீசனில் மருந்துக்கடைக்காரர் ஃபைசல் பட்டி கதை என்ன ஆனது? பல எபிசோடு அதை வளர்த்தார்கள், ஒரு கொலை நடந்தது, வாரக்கணக்கில் பதற்றம், கடைசியில் கேத்ரின் கண்டுபிடித்ததைக் கூடப் பணிபுரிபவர்களிடம் ஒரே மூச்சில் சொல்லிவிட்டு நடையைக் கட்டுகிறார். கைது செய்வதைக்கூடக் காட்டவில்லை. இத்தனைக்கும் அந்தப் பள்ளத்தாக்கைச் சுற்றித் தெற்காசியக் குடும்பங்கள் தலைமுறை தலைமுறையாக இருக்கின்றன, தொடரில் முக்கியமாக வந்த ஒரு தெற்காசியப் பாத்திரத்துக்குக் கிடைத்தது இதுதான். இரண்டாவது கதையை ஓட்டுவதற்கு ஆள் வேண்டும் என்று உள்ளே இழுத்துக்கொண்டு, மெயின் கதை வந்ததும் கைவிடுவது. இதுவும் சோப்தான் ஐயா.


உமா லீட்ஸ் எழுதியது:

ஃபைசல் கதை எனக்கும் உறுத்தியது. என்னோடு வேலை செய்கிற ஹாலிஃபாக்ஸ்காரர்களும் அதைத்தான் சொன்னார்கள். இதில் எதிர்வாதம் என்னிடம் இல்லை.

ஆனால் அவர் பொறுமையைப் பற்றிப் பேசுவதென்றால் ஜென்டில்மேன் ஜாக்கை விடவே கூடாது. ஹாலிஃபாக்ஸின் ஷிப்டன் ஹால் மாளிகையின் சொந்தக்காரி ஆன் லிஸ்டர், 1791இல் பிறந்து 1840இல் இறந்தவர், நிலச்சுவான்தார், நிலக்கரிச் சுரங்கம் தோண்டியவர், பெண்களைக் காதலித்தவர், ஐம்பது லட்சம் சொற்கள் வரும் நாட்குறிப்பு எழுதியவர். அதில் ஆறில் ஒரு பங்கு சங்கேத எழுத்து. வாரிசான ஜான் லிஸ்டரும் அவர் நண்பரும் பத்தொன்பதாம் நூற்றாண்டிலேயே அதை உடைத்துப் படித்துவிட்டார்கள். நண்பர் எரித்துவிடச் சொன்னாராம், இவர் மனம் வராமல் சுவர்ப் பலகைக்குப் பின்னால் ஒளித்து வைத்தார். 1988இல் ஹெலனா விட்பிரெட் ஒரு பகுதியைப் புத்தகமாகப் போட்டபிறகுதான் வெளியுலகுக்குத் தெரிந்தது. சாலி சின்ன வயதில் ஷிப்டனுக்குப் போய் வந்தவர், ஆனால் இந்த அம்மாளைப் பற்றி அங்கே யாரும் சொல்லவில்லை.

இதைத் தொடராக எடுக்கலாமா என்று இரண்டாயிரங்களின் தொடக்கத்தில் கேட்டார், எடுபடவில்லை. ஹேப்பி வேலி ஜெயித்தபிறகுதான் கதவு திறந்தது. 2016இல் வெல்கம் அறக்கட்டளையின் திரைக்கதை ஃபெலோஷிப் பணம் கிடைத்ததும், அந்த நாட்குறிப்புகளை டிஜிட்டல் படமாக்குவதற்குக் கொடுத்தார். பிறகு தன்னார்வலர்கள் அதைப் படியெடுக்கத் தொடங்கினார்கள். 2019இல் தொடர் வந்தது, ஷிப்டனில் கூட்டம் தாங்கவில்லை. பித்தன் சார், ஒரு வாதத்துக்காகச் சொல்கிறேன், முப்பது வயதில் அவர் கையில் ஆறு எபிசோடு கொடுத்திருந்தால் இதைத்தான் எழுதியிருப்பார், பழங்கால உடுப்பைக் காட்டுகிற ஒரு கார்செட் நாடகமாக வந்து போயிருக்கும்.


திரைக்கதைப் பித்தன் எழுதியது:

அது ஊகம் மேடம். நன்றாக வந்திருக்கலாம் என்று நானும் ஊகிக்கலாம். இருபது வருடம் ஒரு கதையைக் கையில் வைத்துக்கொண்டு கதவு கதவாகத் தட்டியது பயிற்சி என்றால், கொடுக்காதவர்களைப் பாராட்டுவது போல ஆகிறது. கதவைத் திறக்காதவன் திறக்காதவன்தான்.

இன்னொன்றும் பாருங்கள். இவ்வளவு பெயர் எடுத்தபிறகும் 2022இல் எச்பிஓ ஜென்டில்மேன் ஜாக்கை இரண்டாவது சீசனோடு நிறுத்திவிட்டது. அடுத்து டிஸ்னிக்குப் போய் ரெனகேட் நெல் எழுதினார், பதினெட்டாம் நூற்றாண்டு வழிப்பறிக்காரி, மந்திர சக்தி, பெரிய பட்ஜெட். 2024இல் வந்து ஒரே சீசனில் ரத்து. பாஃப்டா, 2020இல் ஓபிஇ பட்டம், எதுவும் காப்பாற்றவில்லை.


பழைய ரேடியோ எழுதியது:

ரெனகேட் நெல் பற்றி உமாவின் தூரக் கணக்கு பொருந்துகிறது. அவர் ஊர் இல்லை, அவர் பேச்சு இல்லை. பார்க்க நன்றாக இருந்தது, லூயிசா ஹார்லண்ட் துறுதுறு என்று இருந்தார், ஆனால் எழுதியவர் வெயின்ரைட் என்று சொல்லாவிட்டால் கண்டுபிடிக்க முடியாது. உடனே 2025இல் பிபிசிக்குத் திரும்பி ரயட் உமன். ஹெப்டன் பிரிட்ஜில் மாதவிடாய் நிற்கிற வயதுப் பெண்கள் ஐந்து பேர் சேர்ந்து பங்க் ராக் குழு ஆரம்பிக்கிறார்கள். ஊர் திரும்பியதும் வசனமும் திரும்பிவிட்டது.

ஸ்ட்ரீமிங் நிறுவனங்களுக்கு முதல் வாரத்துக் கணக்கு முக்கியம். கொரனேஷன் ஸ்ட்ரீட் மாதிரி இடத்தில் ஒரு எழுத்தாளர் சுமாரான எபிசோடு எழுதினாலும் அடுத்த முறை திரும்பக் கூப்பிடுவார்கள். இன்றைக்கு இருபத்தைந்து வயதில் எழுத வருகிறவருக்கு அந்த அடுத்த முறை எங்கே கிடைக்கிறது? புரூக்சைடு 2003இலேயே போய்விட்டது. ஊர் டாக்டர்கள் கிளினிக்கை வைத்து வந்த சீரியல் டாக்டர்ஸை 2024இல் பிபிசி மூடிவிட்டது. அதில் முதல் வாய்ப்புப் பெற்ற புதிய எழுத்தாளர்கள் ஏராளம்.


திரைக்கதைப் பித்தன் எழுதியது:

டாக்டர்ஸ் மூடியதற்கு எழுத்தாளர்கள் ஏன் அவ்வளவு கொதித்தார்கள் என்பது இப்போது புரிகிறது. இருந்தாலும் பன்னிரண்டு வருடம் அதிகம். மூன்று வருடம் போதும் என்று என் கட்சியைத் திருத்திக்கொள்கிறேன், அதற்கு மேல் இறங்க மாட்டேன்.


மாடிப்படி மாலதி எழுதியது:

ஏலக்கடை மாதிரி ஆகிவிட்டது :)


சுருட்டை எழுதியது:

நான் இதில் ஒன்றுகூடப் பார்த்ததில்லை. எதிலிருந்து ஆரம்பிக்கலாம் அண்ணா? அடிதடி இருந்தாலும் பரவாயில்லை.


நள்ளிரவு ரசிகன் எழுதியது:

அன்ஃபர்கிவன். மூன்றே எபிசோடு, ஒரு ராத்திரியில் முடியும். பிடித்தால் ஹேப்பி வேலியை முதல் சீசனிலிருந்து வரிசையாகப் பாருங்கள், நடுவில் எதையும் தாவ வேண்டாம். மூன்றாவது சீசன் பற்றி நான் மேலே எழுதிய பதிவைப் படித்திருந்தால் அதற்கு நான் பொறுப்பில்லை, எச்சரித்துத்தான் எழுதினேன்.


உமா லீட்ஸ் எழுதியது:

சப்டைட்டிலைப் போட்டுக்கொள்ளுங்கள் சுருட்டை. இங்கே பல வருடமாக இருக்கிற எனக்கே கேத்ரின் கோபத்தில் பேசுகிற யார்க்‌ஷயர் பேச்சு சில இடத்தில் பிடிபடவில்லை.